வெட்டியவர் பெயர் பஞ்சாபி

‘பராசக்தி’ என்று சொன்னதும் இரண்டு பெயர்கள் தானாக வந்து நிற்கும். வசனம் எழுதிய மு. கருணாநிதி, அதைப் பேசிய சிவாஜி கணேசன். 1952 அக்டோபர் 17, தீபாவளி அன்று வெளியான படம். அதன் அரசியல் பற்றியும் நீதிமன்றக் காட்சி பற்றியும் தடை செய்யச் சொல்லி எழுந்த எதிர்ப்பு பற்றியும் எழுபது வருஷமாக எழுதிக்கொண்டே இருக்கிறோம். அதே படத்தில் எடிட்டிங் என்ற இடத்தில் ‘பஞ்சாபி’ என்று ஒரு பெயர் உண்டு. யாரோ வடக்கேயிருந்து வந்த டெக்னீஷியன் போல என்று நினைத்துக் கடந்து போய்விடுவோம்.

அவர் பஞ்சாப்காரர் இல்லை. கும்பகோணத்துக்குப் பக்கத்தில் உமையாள்புரத்தில் 1915ல் பிறந்தவர். அதே படத்தின் இயக்குனர்களில் ஒருவராகவும் அவர் பெயர் இருக்கிறது. கிருஷ்ணன்–பஞ்சு என்ற இரட்டைப் பெயரின் பின்பாதியான எஸ். பஞ்சுதான் அவர். இயக்குனராகச் சொந்தப் பெயர், எடிட்டராக வேறு பெயர். தமிழ் சினிமாவில் வெட்டி ஒட்டும் வேலை எப்படிப்பட்ட வேலையாக இருந்தது என்பதைப் புரிந்துகொள்ள இந்த இரண்டு பெயர்களிலிருந்து தொடங்கலாம்.

நம்முடைய சினிமா வரலாறு பெரும்பாலும் பேச்சின் வரலாறாகவே எழுதப்பட்டிருக்கிறது. யார் எழுதினார், யார் பேசினார், அதனால் எந்தக் கட்சி வளர்ந்தது. அதில் தப்பில்லை, அது நடந்ததுதான். ஆனால் திரையில் ஒருவர் பேசும்போது அதை யார் கேட்கிறார், எந்த வார்த்தையில் கேட்பவரின் முகம் வருகிறது, எவ்வளவு நேரம் நிற்கிறது என்பதை முடிவு செய்தவர் ஒருவர் இருந்தார். பேச்சைக் கேட்க வைத்தவர் அவர். கொட்டகையில் இருந்த நாம் எங்கே பார்க்க வேண்டும் என்பதை நமக்குத் தெரியாமலே நமக்காகத் தீர்மானித்தவர்.

*

பஞ்சுவின் பள்ளிக்கூடம் என்று சொன்னால் இரண்டு ஆசிரியர்களைச் சொல்லவேண்டும். ஒருவர் பி. கே. ராஜா சாண்டோ. பம்பாயில் மௌனப்பட நட்சத்திரமாக இருந்து, தமிழில் இயக்குனரானவர். இன்னொருவர் எல்லிஸ் ஆர். டங்கன். அமெரிக்காவிலிருந்து வந்து, 1936ல் ‘சதி லீலாவதி’யில் தொடங்கி 1950ல் ‘மந்திரி குமாரி’ வரை தமிழ்ப் படங்கள் எடுத்தவர். டங்கனுக்குத் தமிழ் தெரியாது. அதாவது, மௌனப்படத்திலிருந்து வந்த ஒருவரிடமும், பேசப்படும் மொழியே புரியாத ஒருவரிடமும் பஞ்சு உதவியாளராக இருந்திருக்கிறார். வசனத்தை நம்பாமல் காட்சியைப் பார்க்கும் பழக்கம் ஒருவருக்கு வரவேண்டுமானால் இதைவிடப் பொருத்தமான பயிற்சி கிடையாது.

மெட்ராஸில் 1909ல் பிறந்த ஆர். கிருஷ்ணன் கோவையில் ஸ்டூடியோ லேபில் வேலை பார்த்தவர். ரசாயனத் தொட்டியில் பிலிமைக் கழுவித் தெரிந்தவர் ஒருவர், வெட்டி ஒட்டித் தெரிந்தவர் ஒருவர். ராஜா சாண்டோவின் நிழலில் இருவரும் சேர்ந்தார்கள். 1944ல் ‘பூம்பாவை’ அவர்கள் பெயரில் வந்தது. இரண்டு பேருமே பிலிமைக் கையால் தொட்டு வளர்ந்தவர்கள் என்பதைக் கவனிக்க வேண்டும். அன்றைய இயக்குனர்களில் பலர் நாடக மேடையிலிருந்து வந்தவர்கள். இவர்கள் ஸ்டூடியோவின் பின்கட்டிலிருந்து வந்தார்கள்.

1947ல் வந்த ‘பைத்தியக்காரன்’ இந்தப் பின்கட்டு அறிவுக்கு ஒரு பரீட்சை. லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் என். எஸ். கிருஷ்ணன் சிறையில் இருந்தார். அவர் குழுவினர், டி. ஏ. மதுரமும் எஸ். வி. சகஸ்ரநாமமும் முன்னின்று, அவர் இல்லாமலே ஒரு படத்தைத் தொடங்கினார்கள். படம் வளர்ந்துகொண்டிருக்கும்போது என்.எஸ்.கே. விடுதலையாகி வந்துவிட்டார். வந்தவரை விட்டுவிட்டுப் படத்தை வெளியிட முடியுமா? அவருக்காகக் காட்சிகள் எழுதி, எடுத்து, உள்ளே நுழைத்தார்கள். கட்டி முடியப்போகிற வீட்டில் புதிதாக ஓர் அறை கட்டுவது மாதிரி. சுவரை எங்கே இடிப்பது, எங்கே இடித்தால் கூரை விழாது என்று தெரிந்தவர்தான் அதைச் செய்ய முடியும்.

1949ல் ‘நல்லதம்பி’. சி. என். அண்ணாதுரை வசனம் எழுதிய முதல் படம், ‘மிஸ்டர் டீட்ஸ் கோஸ் டு டவுன்’ என்ற அமெரிக்கப் படத்தைத் தழுவியது. அடுத்த மூன்றாவது வருஷம் ‘பராசக்தி’. தி.மு.க. சினிமாவின் இரண்டு முக்கியமான தொடக்கங்களும் இந்த இரட்டையர் கையால் நடந்தன. வசனம் ஆயுதமாக மாறிய காலத்தில், அதற்குப் பிடி போட்டவர்கள் இவர்கள்.

*

அன்று எடிட்டிங் என்றால் என்ன வேலை? இன்றைக்கு லேப்டாப்பில் ‘அண்டூ’ அழுத்திப் பழகிய தலைமுறைக்கு இதைக் கொஞ்சம் விளக்கவேண்டும்.

35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம்கள். ஒரு நொடிக்கு 24 பிரேம்கள். கணக்குப் போட்டால் ஒரு நிமிஷத்துக்கு 90 அடி. ‘பராசக்தி’ மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும் படம். முடிந்த படமே 16,000 அடிக்கு மேல். எடுத்தது அதைப்போலப் பல மடங்கு இருக்கும். ஒலி தனிப் பிலிமில் இருக்கும். கிளாப் கட்டை அடித்த பிரேமையும், ‘டப்’ என்ற சத்தத்தின் கோட்டையும் ஒன்றோடு ஒன்று பொருத்திவிட்டுத்தான் வேலையே தொடங்கும். மூவியோலாவில் ஓட்டிப் பார்த்து, மெழுகுப் பென்சிலால் குறி வைத்து, வெட்டி, ஒரு ஓரத்தில் மருந்தைச் சுரண்டி, பிலிம் சிமெண்ட் தடவி அழுத்தவேண்டும். பிடிக்கவில்லையா, பிரித்து மறுபடி. வெட்டிய துண்டுகள் கிளிப்பில் தொங்கும். ஓர் அரையடித் துண்டு தொலைந்தால் குப்பைக் கூடையைக் கவிழ்த்துத் தேடவேண்டியதுதான்.

இதுவரை செய்ததெல்லாம் பிரதியில். கடைசியில் அதைப் பார்த்து, ஓரத்தில் இருக்கும் எண்களை ஒப்பிட்டு, மூல நெகட்டிவ்வை வெட்டுவார்கள். அதற்குத் திரும்பி வரும் வழி கிடையாது. ஒவ்வொரு ஒட்டுக்கும் ஒரு பிரேமாவது பலியாகும். என் தொழிலில் எழுதிய ஒவ்வொரு வரியின் பழைய வடிவமும் ‘கிட்’டில் பத்திரமாக இருக்கும். யார், எப்போது, எதற்காக மாற்றினார் என்று ஐந்து வருஷம் கழித்தும் தோண்டி எடுக்கலாம். அந்த வசதியில் வளர்ந்தவனுக்கு, திரும்ப முடியாத ஒரு வெட்டை நோக்கி மாசக்கணக்கில் நகர்கிற வேலை என்பது வயிற்றைக் கலக்குகிற விஷயம்.

‘பராசக்தி’யில் இன்னொரு சிக்கலும் இருந்தது. படப்பிடிப்பு தொடங்கிக் கொஞ்சம் போனதும், புது நடிகர் ரொம்ப மெலிவாக இருக்கிறார் என்று ஏவி. மெய்யப்பனுக்குத் தயக்கம். நேஷனல் பிக்சர்ஸ் பி. ஏ. பெருமாள் விட்டுக்கொடுக்கவில்லை. பிறகு சிவாஜிக்கு உடம்பு தேறியபின் முன்பு எடுத்த காட்சிகளைத் திரும்ப எடுத்தார்கள் என்பது பலரும் சொன்ன கதை. அதைச் சிவாஜியின் கதையாகவே சொல்வோம். அதை வெட்டுமேசையில் இருந்து சொல்லிப் பாருங்கள். எது நிற்கும், எது போகும், பழைய துண்டுக்கும் புதுத் துண்டுக்கும் நடுவே முகம் மாறியது தெரியாமல் எப்படிக் கடப்பது என்ற கேள்விகள் வந்து நிற்கும். சிவாஜி முதன்முதலில் காமிரா முன் நின்ற இடத்தில் ஏவிஎம் ஸ்டூடியோவில் நினைவுச்சின்னம் வைத்தார்கள். வெட்டுமேசைக்கு யாரும் நினைவுச்சின்னம் வைப்பதில்லை.

*

நீதிமன்றப் பகுதியை எடுத்துக்கொள்வோம். ரங்கூனில் இருந்த மூன்று அண்ணன்கள், மதுரையில் ஒரு தங்கை. யுத்தம் அவர்களைச் சிதறடிக்கிறது. கடைசியில் சட்டம் அவர்களை ஒரே கூரையின் கீழ் கொண்டுவருகிறது. பெற்ற குழந்தையை ஆற்றில் எறிந்த தங்கை, பூசாரியைத் தாக்கிய குணசேகரன், நீதிபதி வேலையில் இருக்கும் மூத்தவர். குணசேகரனின் பேச்சை ரேடியோவிலும் இசைத்தட்டிலும் கேட்டு மனப்பாடம் செய்தவர்கள் ஏராளம். இசைத்தட்டில் அது ஒரு சொற்பொழிவு. திரையில் அது ஒரு குடும்பத்துக்குள் நடக்கிற வாக்குவாதம். வித்தியாசம் எங்கே இருக்கிறது? கேட்பவர்களின் முகங்களில்.

காமிரா பேசுகிறவர் மேலேயே நின்றால் அது மேடை நாடகம். அடிக்கடி விலகினால் பேச்சின் வேகம் செத்துப்போகும். தமிழ் வசனத்துக்கு மூச்சுக் கணக்கு உண்டு. அடுக்கிக்கொண்டே போய், ஓர் இடத்தில் நிறுத்தி, திருப்பி அடிக்கும். அடுக்கு நடுவில் வெட்டினால் கைதட்டல் போய்விடும், அடித்த பிறகு வெட்டினால் தாமதம். நிறுத்துகிற அந்த அரை நொடி, அதாவது பன்னிரண்டு பிரேம், அங்கேதான் எடிட்டருக்கு இடம். பாட்டுக்குத் தாளம் போடுகிறவர் எங்கே கையைத் தூக்கவேண்டும் என்று தெரிந்திருப்பது போன்ற அறிவு இது. கருணாநிதி எழுதிய வாக்கியத்துக்குள் இருந்த காற்புள்ளிகளைப் பஞ்சு பிரேம்களாக எண்ணியிருக்கிறார் என்று சொன்னால் மிகையாகாது.

ரஷ்ய இயக்குனர் குலெஷோவ் செய்த சோதனை பிரபலமானது. ஒரே முகம். அதற்குப் பக்கத்தில் சூப் கிண்ணத்தை ஒட்டினால் பசி, சவப்பெட்டியை ஒட்டினால் துக்கம். முகம் மாறவில்லை, பக்கத்தில் இருப்பது மாறியது, அர்த்தம் மாறிவிட்டது. இதை நமக்கு விளக்க மாஸ்கோ வரை போகவேண்டியதில்லை. நான் வேலை பார்ப்பது பழைய மாமல்லபுரம் சாலையில். அந்தச் சாலையை நேரே பிடித்தால் செங்கல்பட்டு மாவட்டத்தின் கடற்கரையில், சுமார் 96 அடி நீளமும் 43 அடி உயரமும் உள்ள ஒரு பாறை முன்னால் போய் நிற்கலாம்.

அந்தப் புடைப்புச் சிற்பத்துக்கு இரண்டு பெயர். அர்ச்சுனன் தபசு என்பார்கள், பகீரதன் தவம் என்பார்கள். ஒற்றைக்காலில் நிற்கிற தவசி ஒருவர்தான். அவரைப் பக்கத்தில் ஆயுதத்தோடு நிற்கும் சிவனோடு மட்டும் சேர்த்துப் பார்த்தால், பாசுபதம் கேட்கிற அர்ச்சுனன். நடுவில் நாகர்கள் நீந்துகிற பிளவோடு சேர்த்துப் பார்த்தால், கங்கையை இறக்குகிற பகீரதன். எதை எதன் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறோம் என்பதே கதை. கீழே ஒரு பூனையும் அதே மாதிரி கையைத் தூக்கிக்கொண்டு தவம் செய்கிறது, சுற்றி எலிகள். அதைப் பார்த்துவிட்டு மறுபடி மேலே பார்த்தால் தவசியின் முகமே வேறு மாதிரி இருக்கும். பாறையில் வெட்டு கிடையாது. எல்லாம் ஒரே சமயத்தில் அங்கே இருக்கிறது. வெட்டுவது நம் கண். சினிமாவில் அந்த உரிமையை நம்மிடமிருந்து வாங்கிக்கொண்டவர்தான் எடிட்டர்.

மாமல்லபுரம் இன்னொன்றையும் சொல்லித்தருகிறது. அங்கே முடிக்காமல் விட்ட வேலைகள் நிறைய. பிடாரி ரதங்கள், வலையன்குட்டை ரதம், பாதியில் நின்ற குகைகள். பாறையைக் கட்டம் கட்டமாகப் பிரித்து, கட்டத்துக்கு நடுவே பள்ளம் வெட்டி, பிறகு மேடுகளைத் தட்டி எடுத்திருக்கிறார்கள் என்பது அந்த அரைகுறை வேலைகளைப் பார்த்துத்தான் நமக்குத் தெரிகிறது. முடிந்த கோயில் எப்படிச் செய்தார்கள் என்று சொல்லாது. ஆயிரத்து முந்நூறு வருஷத்துக்கு முந்தைய கல்தச்சரின் வேலைமுறையை இன்று போய்த் தொட்டுப் பார்க்கலாம். எழுபது வருஷத்துக்கு முந்தைய எடிட்டரின் வேலைமுறையைப் பார்க்க ஒரு துண்டு பிலிம்கூட மிஞ்சுவதில்லை. வெட்டி எறிந்ததைக் கூட்டிப் பெருக்கிவிட்டார்கள். பழைய பிலிமிலிருந்து வெள்ளி எடுக்கலாம், விலை போகும். தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் புனேயில் 1964ல்தான் வந்தது. அதற்குள் முழுப் படங்களே போய்விட்டன, துண்டுகளை யார் சேர்த்து வைப்பார்கள்?

*

வெட்டு எடிட்டர் கையோடு முடிந்துவிடவும் இல்லை. வெளியூர்களுக்குப் போகிற பிரிண்டில் சென்சார் வெட்டுவார், கிழிந்த இடத்தில் ஆபரேட்டர் வெட்டுவார். செங்கல்பட்டுப் பக்கத்துக் கிராமங்களின் டூரிங் கொட்டகையில் ஒரே ஒரு புரொஜெக்டர். ரீல் மாற்ற நிறுத்தியாக வேண்டும், அதனால் மூன்று நான்கு இடைவேளை. எங்கே நிற்கவேண்டும் என்று எடிட்டர் யோசித்த இடம் ஒன்று, படம் நின்ற இடம் இன்னொன்று. பிரிண்ட் பல ஊர் சுற்றி அங்கே வந்து சேரும்போது ரீலின் தலையும் வாலும் தேய்ந்துபோயிருக்கும்.

இதில் ஒரு வேடிக்கையான பௌதிகம் உண்டு. படமும் ஒலியும் சேர்ந்த பிரிண்டில், ஒரு பிரேமுக்கு உரிய ஒலி அந்தப் பிரேமுக்கு நேராக இருக்காது. சுமார் இருபது பிரேம் முன்னால் பதிவாகியிருக்கும். புரொஜெக்டரில் படம் தெரிகிற வாசலும் ஒலியைப் படிக்கிற விளக்கும் வேறு வேறு இடத்தில் இருப்பதால் அப்படி. எனவே முடிந்த பிரிண்டில் ஒரு வசனத்தைக் கத்தரித்தால், தடை செய்யப்பட்ட வசனத்தின் முதல் முக்கால் நொடி காதில் விழுந்துவிடும். அதற்குப் பதிலாக, ஒரு குற்றமும் செய்யாத அடுத்த வசனத்தின் தலை பறிபோகும். கத்தரிக்கோல் வைத்திருப்பவர்கள் எல்லாரும் எடிட்டர் ஆகிவிட முடியாது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

*

‘பராசக்தி’க்குப் பிறகு கிருஷ்ணன்–பஞ்சு முப்பது வருஷத்துக்கும் குறையாமல் வேலை செய்தார்கள். 1954ல் எம். ஆர். ராதாவின் ‘ரத்தக்கண்ணீர்’. சிவாஜியின் பேச்சு அடுக்கிச் செல்வது, ராதாவின் பேச்சு அடுத்தவரை இடைமறிப்பது. மேடையில் ஆயிரம் தடவை தீட்டிய நேரக்கணக்கு அவருடையது. அங்கே கை வைக்காமல் இருப்பதுதான் கெட்டிக்காரத்தனம். 1956ல் ‘குலதெய்வம்’, அடுத்த வருஷம் அதையே இந்தியில் ‘பாபி’. 1965ல் குட்டி பத்மினி இரட்டையராக நடித்த ‘குழந்தையும் தெய்வமும்’, அது 1968ல் ‘தோ கலியான்’. ஒரே கதையை இன்னொரு மொழியில் திரும்பச் செய்வதற்குக் கதையின் மூட்டுகள் எங்கே இருக்கின்றன என்று தெரியவேண்டும். இரட்டை வேடம் என்பதே பாதி வெட்டுதான். இந்தப் பக்கம் முகம், அந்தப் பக்கம் யாரோ ஒரு குழந்தையின் தோள்.

1964ல் வந்த ‘சர்வர் சுந்தர’த்தில் ஒரு பாட்டு ரெக்கார்டிங் தியேட்டருக்குள்ளேயே நடக்கும். எம். எஸ். விஸ்வநாதன், டி. எம். சௌந்தரராஜன், வாத்தியக்காரர்கள் எல்லாரும் திரையில் வருவார்கள். சினிமா தன் பின்கட்டைத் திறந்து காட்டிய அபூர்வமான சந்தர்ப்பம். ஒலிக்கூடத்துக்கும் ஆட்டத்துக்கும் மாறி மாறிப் போகிற அந்தப் பாட்டில் எடிட்டரின் முகத்துக்கு இடமில்லை. அவர் வேலை ஒவ்வொரு மாற்றத்திலும் இருக்கிறது.

வம்சம் என்று பார்த்தால் இன்னும் தெளிவாகத் தெரியும். கிருஷ்ணன்–பஞ்சுவிடம் எடிட்டிங் உதவியாளராகச் சேர்ந்தவர் ஏ. பீம்சிங். ‘பதிபக்தி’, ‘பாசமலர்’ என்று ‘ப’வில் தொடங்கும் படங்களால் ஒரு தலைமுறையை அழவைத்தவர். அழுகைக்கும் பிரேம் கணக்கு உண்டு என்று வெட்டுமேசையில் கற்றவர். அவர் மகன் பி. லெனின் எடிட்டராகவே புகழ்பெற்றார். வி. டி. விஜயனோடு சேர்ந்து ‘காதலன்’ படத்துக்குத் தேசிய விருது வாங்கினார். ஏவிஎம்மின் எடிட்டிங் அறையிலிருந்து கே. சங்கர் வந்தார், எஸ்பி. முத்துராமன் வந்தார். தமிழ் சினிமாவின் இயக்குனர்களில் இத்தனை பேர் வெட்டுமேசையிலிருந்து எழுந்து வந்தவர்கள். எழுந்து வந்த பிறகுதான் அவர்கள் பெயர் நமக்குத் தெரிந்தது என்பதுதான் இதில் சங்கடமான விஷயம். தேசிய விருதுகளிலேயே, அவை தொடங்கி இருபது வருஷத்துக்கு மேல் கழித்துத்தான் படத்தொகுப்புக்கு ஒரு விருது வந்தது.

பிரெஞ்சிலும் போர்ச்சுகீசிலும் இந்த வேலைக்கு உள்ள சொல் பொருத்திச் சேர்ப்பதைக் குறிக்கும். ஹாலிவுட்டில் ‘கட்டிங்’ என்றார்கள், நம் ஸ்டூடியோக்களிலும் அதுவே புழங்கியது. தமிழில் எழுதும்போது மட்டும் ‘படத்தொகுப்பு’ என்கிறோம். தொகுப்பு என்ற சொல் நமக்குப் பழக்கமானது. சங்கப் பாடல்களைத் தொகுத்தவர்களில் சிலர் பெயர் தெரியும், சிலர் பெயர் தெரியாது. அகம் எது, புறம் எது, எந்தப் பாட்டுக்குப் பக்கத்தில் எந்தப் பாட்டு என்று அவர்கள் வைத்த வரிசையில்தான் நாம் இன்றைக்கும் அவற்றைப் படிக்கிறோம். எழுதியவர்களைக் கொண்டாடுகிற பண்பாடு, தொகுத்தவர்களின் வரிசைக்குள் உட்கார்ந்துகொண்டே கொண்டாடுகிறது.

பஞ்சு 1984ல் காலமானார். கிருஷ்ணன் 1997 வரை இருந்தார். பஞ்சு மறைந்த அதே வருஷம்தான் மாமல்லபுரத்தின் சிற்பங்கள் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தன. அந்தச் சிற்பிகளின் பெயரும் நமக்குத் தெரியாது. ஆனால் அவர்களின் உளி எங்கே நின்றது என்பதாவது கல்லில் இருக்கிறது. பஞ்சுவின் கத்தி எங்கே நின்றது என்பதும் ஓர் இடத்தில் இருக்கத்தான் செய்கிறது. ‘பராசக்தி’யை அடுத்த முறை பார்க்கும்போது சத்தத்தைக் குறைத்துவிட்டு நீதிமன்றக் காட்சியை மட்டும் ஓடவிடுங்கள். வசனம் போய்விடும். முகத்துக்கு முகம் தாவுகிற ஒரு தாளம் மட்டும் மிஞ்சும். பஞ்சாபியின் கையெழுத்து அதுதான்.